‘எவ்ரிஒன் – ஃபுல் கன்ட்ரோல்’ போடும் சர்வீஸ் தம்பிகளுக்கு

அன்புள்ள தம்பிகளே, தங்கைகளே,

தோளில் பையும் பையில் பூட்டபிள் பென்டிரைவுமாகக் கடை கடையாய் ஏறி இறங்கும் உங்களுக்குத்தான் இந்த மடல். ரிச்சி தெருவில் ரேம் வாங்கி ஊருக்குப் போய்ப் பொருத்துகிறவர், சிவகாசி அச்சகங்களின் பழைய சிஸ்டங்களை உயிரோடு வைத்திருப்பவர், ஆடிட்டர் ஆபீஸ் கம்ப்யூட்டர்களை மாதச் சம்பளத்துக்குப் பார்த்துக்கொள்பவர் என்று எல்லோரும் இதில் அடக்கம். நானும் இந்தத் தொழிலில் சோறு தின்றவன்தான். அந்த உரிமையில் எழுதுகிறேன்.

நீங்கள் பார்த்துவிட்டுப் போன சிஸ்டத்தை நான் திறக்க நேரும்போதெல்லாம் சில அடையாளங்கள் கண்ணில் படுகின்றன. நிரல் அட்மின் உரிமை கேட்டால் தடுத்து நம் அனுமதி கேட்கும் யூஏசியின் அளவுகோல் அடிமட்டத்துக்கு இறக்கப்பட்டிருக்கும். சி டிரைவின் செக்யூரிட்டி பக்கத்தில் ‘எவ்ரிஒன்’ என்ற பெயர் சேர்க்கப்பட்டு, ஃபுல் கன்ட்ரோலில் டிக் விழுந்திருக்கும். டெஸ்க்டாப்பில் உள்ள ஐகான்களில் பாதிக்கு மேல் ‘ரன் அஸ் அட்மினிஸ்ட்ரேட்டர்’ முத்திரை இருக்கும். கல்லாவில் உட்காரும் பையன் முதல் கணக்குப் பார்க்கும் அம்மா வரை எல்லோருக்கும் ஒரே லாகின், அதுவும் அட்மின் லாகின். பாஸ்வேர்டு மானிட்டர் ஓரத்தில் ஸ்கெட்ச் பேனாவில்.

ஏன் இப்படிச் செய்கிறீர்கள் என்று கேட்கமாட்டேன். கவுன்டரில் ஆள் நிற்கிறது, ஓனர் “தம்பி, பில் போடணும், சீக்கிரம்” என்று தலைக்கு மேல் நிற்கிறார், திரையில் ‘ஆக்சஸ் டினைடு’. ஒரு டிக் போட்டால் ஓடுகிறது என்றால் யாரும் போடத்தான் செய்வார்கள். என் வழக்கு வேறு. அந்த டிக் பழுதைத் தீர்ப்பதில்லை, இடம் மாற்றுகிறது. மூன்று மாதம் கழித்து அதே கடையிலிருந்து உங்களுக்கு வரும் வேறொரு அழைப்பு பல நேரம் இதே டிக்கின் பிள்ளைதான்.

எல்லாவற்றையும் விட ஓனர்களை அலற வைப்பது பில் காணாமல் போவது. அதை மட்டும் விரிவாகச் சொல்கிறேன். ஒரு கடையில் பழைய விஷுவல் பேசிக் 6 காலத்து பில்லிங் மென்பொருள். டேட்டாவை ஒரு ஆக்சஸ் கோப்பில் வைத்துக்கொள்ளும். அந்தக் கோப்பும் மென்பொருளின் கூடவே புரோகிராம் ஃபைல்ஸுக்குள் இருக்கும். விண்டோஸ் விஸ்டா முதல் புரோகிராம் ஃபைல்ஸில் சாதாரண உரிமையோடு ஓடும் நிரல் எதுவும் எழுத முடியாது. அப்படியானால் இந்த மென்பொருள் முதல் பில்லிலேயே விழுந்திருக்க வேண்டும். விழவில்லை. காரணம், பழைய 32-பிட் நிரல்கள் இப்படிச் செய்யும் என்று தெரிந்தே மைக்ரோசாஃப்ட் ஒரு மாற்று ஏற்பாடு வைத்திருக்கிறது. நிரல் புரோகிராம் ஃபைல்ஸில் எழுதப்போனால், அந்தக் கோப்பின் நகல் ஒன்றை அந்தப் பயனரின் ஆப்டேட்டா ஃபோல்டருக்குள் ‘விர்ச்சுவல் ஸ்டோர்’ என்ற இடத்தில் சத்தமில்லாமல் உருவாக்கி, எழுத்தையெல்லாம் அங்கே திருப்பிவிடும். நிரலுக்கு அது தெரியாது. ஓனருக்கும் தெரியாது. மாதக்கணக்கில் பில்கள் அங்கேதான் சேரும். புரோகிராம் ஃபைல்ஸில் இருக்கும் அசல் கோப்போ இன்ஸ்டால் செய்த அன்று இருந்தபடியே காலியாகக் கிடக்கும்.

இப்போது ஏதோ ஒரு பிழைக்காக நீங்கள் வந்து ‘ரன் அஸ் அட்மினிஸ்ட்ரேட்டர்’ டிக் போடுகிறீர்கள். அட்மின் உரிமையோடு ஓடும் நிரலுக்கு அந்தத் திருப்பிவிடல் கிடையாது. அது நேராக அசல் கோப்பைத் திறக்கும். திறந்தால் ஒரு பில்லும் இருக்காது. “டேட்டா போச்சு” என்று கடையே கலங்கும். பேக்கப்பைத் திறந்தால் அங்கேயும் காலி, ஏனென்றால் தினமும் ராத்திரி நகல் எடுத்தது புரோகிராம் ஃபைல்ஸில் இருந்த வெற்றுக் கோப்பைத்தான். பதறிப்போய் மென்பொருளை நீக்கி, பயனரையும் அழித்து, எல்லாவற்றையும் புதிதாகப் போட்டால் விர்ச்சுவல் ஸ்டோரில் பத்திரமாக இருந்த உண்மையான டேட்டாவும் அந்தப் பயனரோடு போய்விடும். ஆகவே பழைய பில்லிங் மென்பொருளின் மீது கைவைக்கும் முன் டாஸ்க் மேனேஜரைத் திறந்து, டீட்டெயில்ஸ் பக்கத்தில் ‘யூஏசி விர்ச்சுவலைசேஷன்’ என்ற பத்தியைச் சேர்த்துப் பாருங்கள். ‘எனேபிள்டு’ என்று இருந்தால் டேட்டா வேறு இடத்தில் இருக்க வாய்ப்புண்டு. ஒரே கம்ப்யூட்டரில் இருவர் இரண்டு லாகினில் உட்கார்ந்து, “நான் போட்ட பில் அவளுக்குத் தெரியவில்லை” என்று சண்டை வந்தாலும் முதலில் பார்க்க வேண்டிய இடம் இதுதான்.

மற்ற விளைவுகள் இவ்வளவு கொடூரமில்லை, எரிச்சல்தான். சர்வரில் இருக்கும் ஃபோல்டரை இசட் டிரைவாக மேப் செய்து வைத்திருப்பீர்கள். அட்மினாக ஓடும் நிரலுக்கு அந்த இசட் டிரைவ் கண்ணுக்கே தெரியாது. சாதாரண உரிமையோடு ஒன்று, அட்மின் உரிமையோடு ஒன்று என விண்டோஸ் ஒரே ஆளுக்கு இரண்டு தனித்தனி அமர்வுகளை வைத்திருக்கிறது. மேப்பிங் முதலாவதில் மட்டும் இருக்கிறது. அதேபோல், சாதாரணப் பயனர் லாகினில் இருந்துகொண்டு ஓனரின் அட்மின் பாஸ்வேர்டைக் கொடுத்து நிரலைத் திறந்தால், அது ஓனராகவே ஓடுகிறது. டாக்குமென்ட்ஸ் என்பது ஓனரின் டாக்குமென்ட்ஸ். டீஃபால்ட் பிரின்டர் ஓனரின் பிரின்டர். தெர்மல் பிரின்டரில் வரவேண்டிய பில் மாடியில் இருக்கும் லேசர் பிரின்டரில் ஏ4 தாளில் வந்ததென்றால் பேய் பிசாசு இல்லை, இதுதான்.

அச்சகக்காரர்களுக்கு ஒரு தனிக் கஷ்டம் உண்டு. பேஜ்மேக்கர் 7 வெளிவந்தது 2001இல். நம் டிடிபி சென்டர்கள் பலவற்றில் அது இன்னும் ஓய்வு பெறவில்லை. அதை அட்மினாக ஓட்டினால்தான் சரியாக இருக்கும் என்று பலரும் அப்படியே வைத்திருக்கிறார்கள். கொஞ்ச நாளில் புகார் வரும்: “வேர்டில் தமிழ் அடிக்குது, பேஜ்மேக்கரில் மட்டும் இங்கிலீஷ் விழுது.” விசைகளை வழியில் மறித்து எழுத்தாக மாற்றித் தரும் வகைத் தமிழ்த் தட்டச்சுக் கருவி சாதாரண உரிமையில் ஓடுகிறது; பேஜ்மேக்கர் அட்மின் உரிமையில் ஓடுகிறது. தாழ்ந்த உரிமையுள்ள நிரல் உயர்ந்த உரிமையுள்ள நிரலின் சன்னலுக்குள் விசைகளை அனுப்பக் கூடாது என்று விஸ்டா காலத்திலேயே விதி வந்துவிட்டது. ஃபைலை இழுத்து அதன்மேல் போட்டாலும் ஏற்காது, அதே விதிதான். உடனே தட்டச்சுக் கருவியையும் அட்மினாக ஓட்டுவது உங்களில் பலர் கண்ட வழி. யோசித்துப் பாருங்கள்: அந்தக் கம்ப்யூட்டரில் தட்டும் ஒவ்வொரு விசையையும் பார்க்கும் ஒரு நிரலுக்கு மொத்த சிஸ்டத்தையும் தாரை வார்க்கிறீர்கள். பேஜ்மேக்கரைக் கீழே இறக்குவதுதான் நல்ல வழி. எப்படி என்று வருகிறேன்.

இந்த மென்பொருள்கள் ஏன் அட்மின் கேட்கின்றன என்பதற்கு ஒரு பூர்வகதை உண்டு. விண்டோஸ் 98இல் லாகின் பெட்டி வந்தால் எஸ்கேப் தட்டினால் போதும், உள்ளே போய்விடலாம். அங்கே உரிமை, அனுமதி என்ற பேச்சே இல்லை. 2001இல் வந்த எக்ஸ்பி, என்டி வம்சத்தின் கட்டுப்பாடுகளோடுதான் வந்தது. ஆனால் வீட்டிலும் கடையிலும் இன்ஸ்டால் செய்யும்போது உருவாக்கிய முதல் பயனரே அட்மின் ஆகிவிட்டதால் யாரும் அந்தக் கட்டுப்பாட்டை உணரவில்லை. நம்மூர் பில்லிங் மென்பொருள்களில் பல வேர்விட்டது இந்தக் காலத்தில்தான். எங்கு வேண்டுமானாலும் எழுதலாம் என்று பழகியவர்கள் புரோகிராம் ஃபைல்ஸில் டேட்டாவை வைத்தார்கள், விண்டோஸ் ஃபோல்டருக்குள்ளேயே செட்டிங்ஸ் கோப்பைப் போட்டார்கள். 2007இல் விஸ்டா கடைகளுக்கு வந்தபோது எல்லாம் ஒரே நாளில் தடுக்கப்பட்டது. எதற்கெடுத்தாலும் அனுமதி கேட்ட விஸ்டாவை ஆப்பிள் நிறுவனம் விளம்பரம் எடுத்தே கேலி செய்தது. 2009இல் விண்டோஸ் 7 நான்கு படி கொண்ட அளவுகோலைக் கொடுத்துச் சமாதானம் பேசியது. அந்த அளவுகோலின் கடைசிப் படிதான் இன்றும் உங்கள் கைக்குப் பிடித்த படி.

சரி, என்ன செய்யலாம்?

முதலில், பிழை எந்த நேரத்தில் வருகிறது என்று பாருங்கள். இன்ஸ்டால் செய்யும்போது, டிரைவர் போடும்போது, டிஜிட்டல் கையொப்ப டோக்கனுக்கு மென்பொருள் ஏற்றும்போது அட்மின் கேட்பது நியாயம். பாஸ்வேர்டு கொடுங்கள், வேலையை முடியுங்கள், அத்தோடு விடுங்கள். திறந்து ஓடிக்கொண்டிருக்கும் மென்பொருள் சேவ் செய்யும்போதோ ரிப்போர்ட் எடுக்கும்போதோ ‘ஆக்சஸ் டினைடு’ என்றோ, எண் 5 என்றோ சொன்னால், அது எங்கோ எழுதப்போய்த் தடுக்கப்பட்டிருக்கிறது. அந்த ‘எங்கோ’ எது என்று தெரிந்தால் பாதி வேலை முடிந்தது.

அதைக் கண்டுபிடிக்க இலவசமாக ஒரு கருவி இருக்கிறது: பிராசஸ் மானிட்டர். மார்க் ருசினோவிச், பிரைஸ் காக்ஸ்வெல் என்ற இருவர் நடத்திவந்த சிஸ்இன்டர்னல்ஸ் தொகுப்பின் வரிசையில் வருவது. அந்தத் தொகுப்பை 2006இல் மைக்ரோசாஃப்ட் வாங்கிக்கொண்டது. இதை மட்டும் அட்மினாகத் திறக்க வேண்டும். திறந்ததும் திரையில் வரிகள் அருவியாகக் கொட்டும், பயந்து மூடிவிடாதீர்கள். ஃபில்டரில் இரண்டே இரண்டு நிபந்தனை போடுங்கள்: பிராசஸ் பெயர் அந்த மென்பொருளின் பெயர், ரிசல்ட் ‘ஆக்சஸ் டினைடு’. பிறகு மென்பொருளைச் சாதாரணமாகத் திறந்து, பிழை வரும் வேலையைச் செய்யுங்கள். அருவி வற்றி சில வரிகள் மட்டும் நிற்கும். எந்தக் கோப்பு, எந்த ஃபோல்டர், எந்த ரெஜிஸ்ட்ரி இடம் என்று முழு முகவரியோடு எழுதியிருக்கும். ஒரு எச்சரிக்கை: அதில் வரும் எல்லா வரியும் குற்றவாளி இல்லை. பல நிரல்கள் முதலில் முழு உரிமை கேட்டுப் பார்த்து, மறுத்தால் வாசிக்கும் உரிமை மட்டும் வாங்கிக்கொண்டு நடையைக் கட்டும். பிழைப்பெட்டி வந்த நொடியை ஒட்டிய வரிகளைப் பிடியுங்கள்.

இடம் தெரிந்துவிட்டால் அந்த இடத்துக்கு மட்டும் அனுமதி. டேட்டா ஃபோல்டரின் மேல் ரைட் கிளிக், புராப்பர்ட்டீஸ், செக்யூரிட்டி, எடிட். பட்டியலில் ஏற்கெனவே இருக்கும் ‘யூசர்ஸ்’ குழுவைத் தேர்ந்து ‘மாடிஃபை’ என்பதில் டிக். அவ்வளவுதான். ஃபுல் கன்ட்ரோல் எதற்கு? அதில் முக்கியமாகக் கூடுதலாக இருப்பது அனுமதிகளையே மாற்றும் உரிமையும் உடைமையை எடுத்துக்கொள்ளும் உரிமையும். பில் போடுகிறவருக்கு அவை எந்தக் காலத்திலும் தேவைப்படாது. இன்னொன்று, நிரலின் எக்ஸ்இ கோப்பு இருக்கும் ஃபோல்டருக்கு இந்த அனுமதியைக் கொடுக்காதீர்கள். கொடுத்தால் அந்த லாகினில் ஓடும் எந்தக் களவாணி நிரலும் எக்ஸ்இயை எடுத்துவிட்டுத் தன்னை அங்கே வைத்துக்கொள்ளலாம். அடுத்த முறை நீங்களே அதை அட்மினாகத் திறந்து வைப்பீர்கள். வீட்டு மொத்தச் சாவிக்கொத்தையும் திருடன் கையில் நாமே கொடுத்து, கதவு எது என்றும் காட்டுகிற கதை.

டேட்டா இருக்கும் இடத்தை மென்பொருளின் செட்டிங்ஸில் மாற்ற முடியுமென்றால் இன்னும் நல்லது. “டி டிரைவில் போட்டால் ஓடும்” என்று நம் தொழிலில் ஒரு கைவைத்தியம் உலவுகிறதே, அதில் விஷயம் இருக்கிறது. என்டிஎஃப்எஸ்ஸாக ஃபார்மேட் செய்த டி டிரைவிலும், சி டிரைவின் அடியிலேயே புதிதாக உருவாக்கும் ஃபோல்டரிலும் லாகின் செய்த பயனர்களுக்கு மாற்றும் உரிமை இயல்பாகவே கிடைக்கிறது. புரோகிராம் ஃபைல்ஸ், விண்டோஸ் போன்ற ஃபோல்டர்களுக்குத்தான் அந்தக் கெடுபிடி. ஆகவே நிரல் புரோகிராம் ஃபைல்ஸில் இருக்கட்டும், டேட்டா டியில் இருக்கட்டும். பேக்கப்பும் டியிலிருந்து எடுக்கட்டும். ஏற்கெனவே விர்ச்சுவல் ஸ்டோரில் சேர்ந்துவிட்டதை முதலில் நகலெடுத்துப் புது இடத்தில் வைத்த பிறகுதான் இந்த மாற்றம். வரிசை மாறினால் மேலே சொன்ன அலறல்தான்.

பேஜ்மேக்கர் பக்கம் வருவோம். கம்பேட்டிபிலிட்டி பக்கத்தில் உள்ள அட்மின் டிக்கை எடுத்துவிட்டு, பிராசஸ் மானிட்டரில் பிடிபடும் அதன் செட்டிங்ஸ் ஃபோல்டருக்கு மட்டும் மாடிஃபை கொடுத்துப் பாருங்கள். தமிழ் எழுத்துருக்களை இன்ஸ்டால் செய்யும்போதும் ஒரு நுணுக்கம்: விண்டோஸ் 10இன் பிற்காலப் பதிப்புகளில் இருந்து, சும்மா ‘இன்ஸ்டால்’ கொடுத்தால் அந்த ஒரு பயனருக்கு மட்டும்தான் எழுத்துரு போகும். பழைய நிரல்களில் சில அதைப் பார்ப்பதில்லை. ரைட் கிளிக்கில் ‘இன்ஸ்டால் ஃபார் ஆல் யூசர்ஸ்’ கொடுங்கள். இங்கே அட்மின் பாஸ்வேர்டு கேட்கும், அது நியாயமான கேள்வி.

அனுமதிப் பிழை மாதிரியே வேடம் போட்டு வரும் வேறு சில ஆசாமிகளும் உண்டு. ஒரு கோப்பை வேறொரு நிரல் திறந்து வைத்திருந்தாலும் பல மென்பொருள்கள் அனுமதி இல்லை என்றுதான் சொல்லும். ரிசோர்ஸ் மானிட்டரில் கோப்பின் பெயரைத் தேடினால் பிடித்து வைத்திருப்பவர் யார் என்று தெரியும். வாட்ஸப்பிலோ மின்னஞ்சலிலோ வந்த கோப்பு திறக்க மறுத்தால் புராப்பர்ட்டீஸின் அடியில் ‘அன்பிளாக்’ இருக்கிறதா பாருங்கள். டிக் போடும் முன் அது எங்கிருந்து வந்தது என்று ஒரு வார்த்தை கேட்டுவிடுங்கள். 2017இல் விண்டோஸ் 10இல் ‘கன்ட்ரோல்டு ஃபோல்டர் ஆக்சஸ்’ என்று ஒரு பாதுகாப்பு வந்தது. யாராவது அதை இயக்கி வைத்திருந்தால், நம்பிக்கைப் பட்டியலில் இல்லாத நிரலை டாக்குமென்ட்ஸில் எழுத விடாது, அட்மினாகவே ஓடினாலும் சரி. அங்கே நீங்கள் அட்மின் டிக்கைப் போட்டுப் போட்டு எடுப்பது வீண். அந்த நிரலைப் பட்டியலில் சேர்த்தால் முடிந்தது.

செத்துப்போன கம்ப்யூட்டரின் ஹார்டு டிஸ்கைக் கழற்றி வேறொன்றில் மாட்டும்போது வரும் மறுப்பு இவற்றில் எதிலும் சேராது. விண்டோஸ் பயனரைப் பெயரால் நினைவு வைப்பதில்லை, நீண்ட எண் ஒன்றால் நினைவு வைக்கிறது. பழைய சிஸ்டத்தில் இருந்தவரின் எண் புதிய சிஸ்டத்துக்குத் தெரியாது. செக்யூரிட்டி பக்கத்தில் ‘அக்கவுன்ட் அன்னோன்’ என்று நிற்கும். இங்கே உடைமையை மாற்றிக்கொள்வது சரியான வைத்தியம்தான். அதே வைத்தியத்தை விண்டோஸ் ஃபோல்டருக்குச் செய்யாதீர்கள். ‘டிரஸ்டட் இன்ஸ்டாலரிடம் அனுமதி வேண்டும்’ என்று வந்தால் கை வைத்திருக்கும் இடம் தப்பு என்று பொருள். அதை உடைத்து உள்ளே போன சிஸ்டங்கள் அப்டேட் நேரத்தில் என்ன பாடு படுகின்றன என்று உங்களுக்கே தெரியும்.

யூடியூபில் ஒரு வீடியோ விடாமல் சுற்றுகிறது: ஒளிந்திருக்கும் ‘அட்மினிஸ்ட்ரேட்டர்’ கணக்கை ஒரே கட்டளையில் எழுப்பி அதிலேயே குடியிருங்கள், எந்தப் பிழையும் வராது என்று. அந்தக் கணக்கில் யூஏசி இயல்பாகவே கேள்வி கேட்காது. அதாவது தெரியாத இணைப்பை ஒருவர் தட்டினாலும் கேள்வி கேட்க ஆளில்லை. சர்வீஸ் பார்க்க எழுப்பினீர்களா, போகும்போது தூங்க வைத்துவிட்டுப் போங்கள்.

ஒரு உண்மையையும் ஒப்புக்கொள்ள வேண்டும். சாதாரண லாகினில் இருந்தாலும் ரான்சம்வேர் அந்தப் பயனரின் கோப்புகளைப் பூட்ட முடியும். அதற்கு அட்மின் தேவையே இல்லை. ஆனால் விண்டோஸ் உள்ளே எடுத்து வைத்திருக்கும் பழைய நிழல் நகல்களை அழிக்க அட்மின் வேண்டும். ஆன்டிவைரஸை நிறுத்த வேண்டும் என்றாலும் மற்றப் பயனர்களின் கோப்புகளுக்குள் போக வேண்டும் என்றாலும் அட்மின் வேண்டும். யூஏசி கேள்வியை முழுப் பாதுகாப்பு அரணாக மைக்ரோசாஃப்டே கருதுவதில்லை. அதனால்தான் தினசரி லாகினே சாதாரண லாகினாக இருக்க வேண்டும் என்கிறேன். ஓனர் பெயரில் ஒரு அட்மின் கணக்கை உருவாக்கி, பாஸ்வேர்டை எழுதி உறையில் போட்டு அவர் பீரோவில் வைக்கச் சொல்லுங்கள். அந்தக் கணக்கில் ஒருமுறை உள்ளே போய்ப் பார்த்துச் சரி என்று உறுதியான பிறகே கல்லா லாகினை ‘ஸ்டாண்டர்டு’ ஆக்குங்கள்.

இனி மென்பொருள் எழுதுபவர்கள் விஷயம். நீங்கள் போன் செய்தால் “அட்மின் ரைட்ஸ் கொடுங்க சார், ஓடும்” என்பதுதான் பெரும்பாலும் பதில். அடுத்த முறை அப்படிச் சொன்னால் பிராசஸ் மானிட்டரில் கிடைத்த நான்கு வரியைப் படமெடுத்து அவர்களுக்கு வாட்ஸப்பில் அனுப்புங்கள். “இந்த ஃபோல்டரில் எழுதுகிறது உங்கள் மென்பொருள், இடத்தை மாற்றித் தாருங்கள்” என்று ஒரு வரி போதும். சரியான முகவரியோடு வரும் புகாரைத் தட்டிக்கழிப்பது கடினம். விண்டோஸ் 10க்கு ஆதரவு 2025 அக்டோபர் 14ஆம் தேதியோடு முடிந்து, கடைகள் ஒவ்வொன்றாகப் புது சிஸ்டத்துக்கு மாறும் நேரம் இது. எப்படியும் எல்லாவற்றையும் மறுபடி இன்ஸ்டால் செய்யத்தான் போகிறீர்கள்; அந்தத் திருத்தத்தைக் கேட்டு வாங்க இதுதான் சமயம்.

காசு விஷயத்தை விட்டுவிட்டு இதையெல்லாம் பேசினால் உங்களுக்குக் கோபம் வரும், நியாயம்தான். ஐந்து நிமிடத்தில் டிக் போட்டாலும் அதே விசிட் சார்ஜ், ஒரு மணி நேரம் உட்கார்ந்து தேடினாலும் அதே விசிட் சார்ஜ் என்றால் யார் தேடுவார்கள்? என் யோசனை: முதல் முறை அவசரத்துக்கு டிக் போட்டு பில் ஓடட்டும், ஆனால் அதற்கு முன் விர்ச்சுவல் ஸ்டோரைப் பார்த்துவிடுங்கள். கடை மூடும் நேரத்துக்குத் திரும்ப வருகிறேன் என்று சொல்லி, அந்த வேலைக்குத் தனியாகக் கட்டணம் பேசுங்கள். என்ன செய்தீர்கள் என்பதை பில்லில் எழுதிக் கொடுங்கள்: எந்த ஃபோல்டர், யாருக்கு, என்ன அனுமதி. அடுத்து அந்த சிஸ்டத்தைத் திறப்பது நானாகவோ வேறு ஒரு தம்பியாகவோ இருக்கலாம். அந்தத் தாள் இருந்தால் நாங்கள் உங்களைத் திட்டமாட்டோம்.

அன்புடன்,
உங்கள் தொழில்காரன் ஒருவன்

பி.கு.: ஒன்றும் எழுதாத, எதையும் மாற்றாத ஒரு சின்ன நிரல் தினமும் அட்மின் கேட்கிறதா? அதன் பெயரைப் பாருங்கள். ‘மேனிஃபெஸ்ட்’ என்ற அடையாளச் சீட்டு இல்லாத பழைய 32-பிட் நிரலின் பெயரில் ‘செட்டப்’, ‘இன்ஸ்டால்’, ‘அப்டேட்’ என்று ஆங்கிலத்தில் இருந்தால் விண்டோஸ் அதை இன்ஸ்டாலர் என்று ஊகித்து அனுமதி கேட்கும். ‘ரேட் அப்டேட்’ என்று பெயர் வைத்த விலைப்பட்டியல் நிரலை ‘ரேட்’ என்று மாற்றினால் கேள்வி நின்றுவிடும். ஷார்ட்கட்டையும் மாற்ற மறக்காதீர்கள்.